பிரிட்ஜ் பழகுவோருக்கு வாரம் ஒரு கை

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

தங்கள் நாளிதழின் ஞாயிறு பதிப்பில் சதுரங்கப் புதிருக்கும் சுடோகுவுக்கும் குறுக்கெழுத்துக்கும் இடம் ஒதுக்கி வருவதை மகிழ்ச்சியோடு படித்துவரும் வாசகர்களில் நானும் ஒருவன். அதே பக்கத்தில் நால்வர் இரண்டு ஜோடிகளாக ஆடும் காண்ட்ராக்ட் பிரிட்ஜ் என்ற சீட்டாட்டத்துக்கும் ஒரு சிறு இடம் தர வேண்டும் என்று கேட்டுக்கொள்ளவே இக்கடிதத்தை எழுதுகிறேன். கிள்ளான் பள்ளத்தாக்கில் இந்த ஆட்டத்தைப் பழகத் தொடங்கும் தமிழர்களில் பலர், விதிகளைக் கற்று ஓராண்டு ஈராண்டு ஆடிய பிறகு அதற்கு மேல் நகராமல் நின்றுவிடுகிறார்கள். வார இறுதியில் சிலருக்கு இதைக் கற்றுத் தருபவன் என்ற முறையில் அதை அருகிலிருந்து பார்க்கிறேன். அவர்களுக்கு அறிவும் குறைவில்லை, ஆர்வமும் குறைவில்லை. ஆடி முடித்த கையை மறுபடியும் விரித்து வைத்து, ஏலத்தில் இந்தக் கேட்பு ஏன், ஆட்டத்தில் இந்தச் சீட்டு ஏன் என்று தங்களுக்குப் பழக்கமான மொழியில் பேசிப் பார்க்க அவர்களுக்கு வாய்ப்பில்லை என்பதே என் கணிப்பு.

சீட்டுக்கட்டு என்றதும் பணம் வைத்து ஆடும் ரம்மியை நினைத்து முகம் சுளிப்போர் நம்மிடையே உண்டு. அவர்களுக்கு ஒரு விளக்கம். மன்றங்களிலும் போட்டிகளிலும் நடப்பது டூப்ளிகேட் பிரிட்ஜ். அதில் ஒரு மேசையில் ஆடிய நான்கு கைகளும் கலைக்கப்படாமல் ஒரு தட்டில் செருகப்பட்டு அடுத்தடுத்த மேசைகளுக்குச் செல்கின்றன. நீங்கள் பிடித்திருந்த அதே பதின்மூன்று சீட்டுகளை மற்ற மேசைகளில் உங்கள் திசையில் அமர்ந்தவர்களும் பிடிக்கிறார்கள். அவர்களோடு ஒப்பிட்டே உங்களுக்கு மதிப்பெண். நல்ல சீட்டு வந்ததால் வென்றார் என்ற பேச்சு அங்கே எடுபடாது. உலக பிரிட்ஜ் கூட்டமைப்பை அனைத்துலக ஒலிம்பிக் மன்றம் 1999இல் அங்கீகரித்தது. 2018ஆம் ஆண்டு இந்தோனேசியாவில் நடந்த ஆசிய விளையாட்டுப் போட்டியில் முதன்முறையாக பிரிட்ஜ் சேர்க்கப்பட்டபோது, ஆடவர் ஜோடிப் பிரிவில் தங்கம் வென்ற இந்தியர்களான பிரணாப் பர்தனுக்கு வயது 60, சிப்நாத் சர்க்காருக்கு 56. இந்தோனேசியத் தொழிலதிபர் மைக்கேல் பம்பாங் ஹர்த்தோனோ 78 வயதில் வெண்கலம் வென்றார். பணி ஓய்வு பெற்றபின் என்ன செய்வது என்று கேட்பவர்களுக்கு இதைச் சொல்வதுண்டு.

நமக்கு இந்த ஆட்டத்தின் அடிப்படை அந்நியமானதும் அல்ல. மலாயா ரயில்வேயிலும் அரசு அலுவலகங்களிலும் பணியாற்ற வந்து பிரிக்பீல்ட்ஸிலும் செந்தூலிலும் குடியேறிய யாழ்ப்பாணத் தமிழர் குடும்பங்களில் முந்நூற்று நான்கு என்ற சீட்டாட்டம் ஆடும் பெரியவர்களை இன்றும் காணலாம். எதிரில் அமர்ந்திருப்பவரே ஜோடி. ஏலத்தில் வென்றவர் துருப்பை, அதாவது மற்ற வகைச் சீட்டுகளை வெட்டும் வகையை, தீர்மானிக்கிறார். கேட்ட அளவை எட்டாவிட்டால் தோல்வி. இவ்வளவும் பிரிட்ஜுக்கும் பொருந்தும். முந்நூற்று நான்கில் கைதேர்ந்தவர்கள் பிரிட்ஜ் மேசைக்கு வந்தால் போன சீட்டுகளை நினைவில் வைப்பதில் மற்றவர்களை எளிதாக முந்திவிடுகிறார்கள். ஆனால் ஏலத்தில் அவர்களே பின்தங்குகிறார்கள். முந்நூற்று நான்கில் ஏலம் என்பது பெரும்பாலும் என் கையில் எவ்வளவு வலு இருக்கிறது என்று அறிவிப்பது. துருப்பு எது என்பது கவிழ்த்து வைத்த சீட்டுக்கு மட்டுமே தெரியும். பிரிட்ஜிலோ ஒவ்வொரு கேட்பும் ஜோடிக்குச் சொல்லும் செய்தி. எந்த வகையில் எத்தனை சீட்டு, எத்தனை புள்ளி, இதற்கு மேல் போகலாமா வேண்டாமா என்பதையெல்லாம் ஒரு சில கேட்புகளுக்குள் இருவரும் பரிமாறிக்கொள்ள வேண்டும். எதிராளிகளும் அதைக் கேட்டுக்கொண்டுதான் இருப்பார்கள்.

ஏலத்துக்கு இத்தனை முக்கியத்துவம் எப்படி வந்தது என்பதைத் தெரிந்துகொண்டால் பாதிக் குழப்பம் தீரும். முன்பு ஆடப்பட்ட ஆக்‌ஷன் பிரிட்ஜில், குறைவாகக் கேட்டுவிட்டு அதிகப் பிடி (நால்வரும் ஒவ்வொரு சீட்டுப் போடும் சுற்றில் வெற்றி) எடுத்தாலும் அந்த அதிகப் பிடிகள் கேம் என்ற வெகுமதி இலக்கின் கணக்கில் சேர்ந்தன. 1925இல் ஹரால்டு வாண்டர்பில்ட் என்ற அமெரிக்கச் செல்வர், லாஸ் ஏஞ்சலிஸிலிருந்து பனாமா கால்வாய் வழியாக ஹவானாவுக்குச் சென்ற கப்பல் பயணத்தின்போது புதிய மதிப்பெண் முறையை வகுத்தார். கேட்ட பிடிகள் மட்டுமே கேமுக்குச் சேரும் என்பது அதன் உயிர்நாடி. நான்கு ஸ்பேட் கேட்டால் ஆறோடு நான்கு சேர்த்துப் பத்துப் பிடி எடுக்க வேண்டும். எடுத்துவிட்டால், வல்னரபிள் (வெகுமதியும் தண்டமும் கூடும் நிலை) அல்லாதபோது 420 புள்ளிகள். அதே கையில் பயந்துகொண்டு இரண்டு ஸ்பேடோடு நிறுத்திவிட்டு அதே பத்துப் பிடியை எடுத்தால் 170 மட்டுமே. ஆடியது ஒன்றுதான், கேட்டதில்தான் இடைவெளி. ஆகவே துணிந்து கேட்கவும் வேண்டும், எங்கே நிறுத்துவது என்று தெரிந்திருக்கவும் வேண்டும்.

எங்கே நிறுத்துவது என்பதை அறிய எல்லாரும் முதலில் கற்பது புள்ளிக் கணக்கு. ஆஸுக்கு 4, ராஜாவுக்கு 3, ராணிக்கு 2, ஜாக்குக்கு 1. கட்டு முழுவதும் 40 புள்ளிகள்; சராசரிக் கைக்கு 10. பன்னிரண்டு, பதின்மூன்று இருந்தால் ஏலத்தைத் திறக்கலாம்; இருவர் கையிலும் சேர்த்து 25 அளவில் இருந்தால் கேமை எட்டிப் பார்க்கலாம்; 33 இருந்தால் பன்னிரண்டு பிடிக்கான சிறு ஸ்லாமை எண்ணலாம். பிரிட்ஜ் நூலாசிரியர் சார்லஸ் கோரன் இந்தக் கணக்கைப் பரப்பிய பிறகே அமெரிக்காவில் சாதாரணக் குடும்பங்களும் பிரிட்ஜ் ஆடத் துணிந்தன என்று சொன்னால் மிகையாகாது. நல்ல கணக்குதான். ஆனால் நம் பழகுநர்கள் இதைப் பஞ்சாங்கம் பார்ப்பது போலப் பார்க்கிறார்கள். எண் சொன்னதற்கு மேல் கையைப் பார்ப்பதில்லை.

ஓர் எடுத்துக்காட்டு தருகிறேன். உங்கள் ஜோடி ஒரு ஹார்ட் என்று ஏலத்தைத் திறக்கிறார். அவரிடம் குறைந்தது ஐந்து ஹார்ட் இருக்கிறது. உங்கள் கை இப்படி இருப்பதாக வைத்துக்கொள்வோம்: ஸ்பேட் ராணி, ஜாக், 4, ஹார்ட் ஜாக், 7, 3, டைமண்ட் ராணி, ஜாக், 5, கிளாவர் ராஜா, 9, 6, 2. எண்ணிப் பாருங்கள், பத்துப் புள்ளிகள். இன்னொரு கை: ஸ்பேட் 7 ஒன்றே ஒன்று, ஹார்ட் ராஜா, 10, 6, 3, டைமண்ட் ஆஸ், 9, 7, 4, 2, கிளாவர் 8, 5, 3. இதில் ஏழு புள்ளிகள்தான். என்னிடம் பழகுபவர்கள் முதல் கையில் மூன்று ஹார்ட்டுக்குத் தாவுவார்கள், இரண்டாவதில் கூச்சத்தோடு இரண்டு ஹார்ட் சொல்வார்கள். அனுபவமுள்ளவர் செய்வது நேர்மாறானது.

காரணத்தைப் பார்க்க ஜோடியின் கையைத் திறப்போம்: ஸ்பேட் ஆஸ், 9, 6, 2, ஹார்ட் ஆஸ், ராணி, 9, 8, 5, டைமண்ட் ராஜா, 6, கிளாவர் 7, 4. பதின்மூன்று புள்ளிகள், சாதாரணத் திறப்பு. ஏழு புள்ளிக் கை டம்மியாக (ஆட்டத்தை நடத்துபவரின் ஜோடி மேசையில் திறந்து வைக்கும் கையாக) விரிக்கப்பட்டால், ஸ்பேட் ஆஸை எடுத்துவிட்டு மற்ற ஸ்பேடுகளைத் துருப்பால் வெட்டலாம். டைமண்டில் ஆஸும் ராஜாவும் இருக்கின்றன. துருப்பு ஒன்பது சேர்ந்திருக்கிறது. கிளாவரில் இரண்டை விட்டுக்கொடுத்தாலும் பத்துப் பிடிக்குக் குறைவு வராது. பத்துப் புள்ளிக் கை விரிக்கப்பட்டாலோ வெட்டுவதற்கு எந்த வகையும் குறைவாக இல்லை. ராணிகளும் ஜாக்குகளும் மூன்று வகைகளில் சிதறிக் கிடக்கின்றன. டைமண்ட் ஆஸ் எதிராளியிடம் போவது உறுதி. ஸ்பேட் ராஜா, ஹார்ட் ராஜா, கிளாவர் ஆஸ் மூன்றும் நமக்கு வசதியான இடத்தில் இருக்க வேண்டும் என்று வேண்டிக்கொண்டே ஆட வேண்டியிருக்கும். பெரும்பாலும் எட்டு, ஒன்பதோடு நின்றுவிடும். ஒற்றைச் சீட்டும் நான்காவது துருப்பும் சேர்ந்தால் அவற்றுக்கு மூன்று புள்ளிகள் கூட்டிக்கொள்ளலாம் என்று பாடப்புத்தகங்கள் சொல்வதை நம்மவர்களும் படித்திருக்கிறார்கள். படித்ததை இந்த இரண்டு கைகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால்தான் நம்புகிறார்கள்.

இனி ஜோடிகளுக்குள் இருக்கும் புரிந்துணர்வைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். பிரிட்டனில் வளர்ந்த ஏகோல் முறையில் ஒரு நோ டிரம்ப் (துருப்பு இல்லாத ஆட்டம்) திறப்பு வழக்கமாக 12 முதல் 14 புள்ளிகளைக் குறிக்கும். அமெரிக்க முறையில் அதே கேட்பு 15 முதல் 17. இங்கே பழைய தலைமுறையிடம் கற்றவர்களும் இணையத்தில் கற்றவர்களும் ஒரே மேசையில் அமர்வதால், இரண்டும் மோதிக்கொள்வதை அடிக்கடி காண்கிறேன். அண்மையில் எங்கள் வகுப்பில் ஒரு தம்பதியர் ஜோடியாக ஆடினார்கள். கணவர் பதின்மூன்று புள்ளியோடு ஒரு நோ டிரம்ப் திறந்தார். மனைவி பத்துப் புள்ளியோடு நேராக மூன்று நோ டிரம்ப் கேட்டுவிட்டார். இரண்டு பிடி குறைந்தது. "பதினஞ்சு இல்லாம எப்படிங்க திறந்தீங்க?" என்று அந்த அம்மா கேட்க, "பன்னெண்டு போதும்னுதானே அண்ணன் சொல்லிக் கொடுத்தாரு" என்று அவர் பதில் சொன்னார். இருவர் சொன்னதும் சரி. ஆனால் மேசையில் அமர்வதற்கு முன் ஒரு நிமிடம் பேசியிருந்தால் இந்தக் கேள்வியே எழுந்திருக்காது. ஜோடியாக ஆடுபவர்கள் தங்கள் உடன்பாடுகளை ஒரு தாளில் எழுதி வைத்துக்கொள்வது போட்டி வழக்கம். எதிராளிகள் கேட்டால் அதைக் காட்டவும் வேண்டும். நம் வீட்டு மேசைகளிலும் அந்தத் தாள் இருக்கட்டும் என்பது என் வேண்டுகோள்.

எழுத வேண்டியது பெரிய பட்டியலும் அல்ல. ஒரு நோ டிரம்பின் வரம்பு, முதல் திறப்புக்கு ஹார்ட், ஸ்பேட் நான்கு போதுமா ஐந்து வேண்டுமா, ஜோடியின் கேட்பை உயர்த்தினால் அது வற்புறுத்தலா அழைப்பா, எதிராளி இடையில் நுழைந்தால் டபிள் எதைக் குறிக்கும் என்பவை தெளிவாக இருந்தாலே ஒரு மாலை முழுவதும் சிக்கலின்றி ஆடலாம். நம் பழகுநர்கள் இதை விட்டுவிட்டு, பெயர் வைத்த சிறப்புக் கேட்புகளைச் சேகரிப்பதில் இறங்கிவிடுகிறார்கள். ஸ்டேமன், ஜேக்கபி டிரான்ஸ்ஃபர் இரண்டும் எவருக்கும் பயன்படும். அவற்றைக் குறை சொல்லவில்லை. ஆனால் பிளாக்வுட்டைப் பாருங்கள். நான்கு நோ டிரம்ப் கேட்டால் ஜோடி தன்னிடம் எத்தனை ஆஸ் இருக்கிறது என்று பதில் சொல்வார். இதைக் கற்ற அடுத்த வாரமே எல்லாக் கையிலும் நான்கு நோ டிரம்ப் கேட்கிறார்கள். கையில் கிளாவர் 8, 5 என்று இரண்டு வெறும் சீட்டுகள் இருக்கும்போது ஜோடி ஒரு ஆஸ் என்று பதில் சொன்னால், அது கிளாவர் ஆஸா வேறா என்று எப்படித் தெரியும்? எதிராளிகள் கிளாவரில் ஆஸும் ராஜாவும் எடுத்துவிட்டால் ஸ்லாம் முதல் இரண்டு சுற்றிலேயே முடிந்துபோகும். ஒரு வகை அறவே இல்லாத கையிலும் இதே தொல்லைதான். பயனற்ற ஆஸும் எண்ணிக்கையில் சேர்ந்துவிடும். பதில் வந்தபின் என்ன செய்வது என்று முன்பே தெரிந்திருந்தால் மட்டுமே கேட்க வேண்டிய கேள்வி அது.

சீட்டு ஆடும் பகுதிக்கு வருகிறேன். தங்கள் பக்கத்தில் வெளிவர வேண்டும் என்று நான் விரும்பும் வகையான கை ஒன்றை இங்கேயே தருகிறேன். தெற்கில் நீங்கள்: ஸ்பேட் ஆஸ், 6, 3, ஹார்ட் ஆஸ், ராணி, 4, டைமண்ட் 10, 9, 2, கிளாவர் ஆஸ், ஜாக், 8, 4. பதினைந்து புள்ளிகள், ஒரு நோ டிரம்ப் திறக்கிறீர்கள். வடக்கில் உங்கள் ஜோடி: ஸ்பேட் 7, 4, ஹார்ட் ராஜா, 8, 5, டைமண்ட் ஆஸ், ராணி, ஜாக், 6, 3, கிளாவர் 10, 6, 2. பத்துப் புள்ளியோடு அவர் மூன்று நோ டிரம்ப் கேட்கிறார், எல்லாரும் பாஸ். மேற்கிலிருந்து ஸ்பேட் ராஜா இறங்குகிறது.

பழகுநர் செய்வது என்ன? கையில் ஆஸ் இருக்கிறது, எடுத்துவிடுவார். பிறகு டைமண்ட் 10ஐ இறக்கி, டம்மியில் சிறிய சீட்டைப் போட்டு, டைமண்ட் ராஜா மேற்கில் இருக்கட்டும் என்று ஃபினெஸ் (எதிராளியின் பெரிய சீட்டு வசதியான பக்கம் இருக்கும் என்று நம்பி அதைத் தப்பிக்கும் முயற்சி) பார்ப்பார். ராஜா கிழக்கில் இருந்தால், கிழக்கு அதை எடுத்துக்கொண்டு ஸ்பேடைத் திருப்பி இறக்குவார். மேற்கிடம் ஸ்பேட் ராஜா, ராணி, ஜாக், 9, 2 என்று ஐந்து இருந்திருந்தால், இப்போது மீதி நான்கும் பிடியாகும். டைமண்ட் ராஜாவோடு ஐந்து. ஒப்பந்தம் ஒரு பிடியில் தோற்றது. அவர் தன் அதிர்ஷ்டத்தை நொந்துகொள்வார்.

டம்மி விரிக்கப்பட்டதும் முதல் சீட்டைத் தொடுமுன் கையை மடியில் வைத்துக்கொண்டு எண்ணுங்கள் என்று என் வகுப்பில் சொல்வது இதற்காகத்தான். உறுதியான பிடிகள்: ஸ்பேடில் ஒன்று, ஹார்ட்டில் மூன்று, டைமண்டில் ஒன்று, கிளாவரில் ஒன்று, ஆக ஆறு. ஒன்பது வேண்டும். ஃபினெஸ் தோற்றாலும்கூட டைமண்டில் நான்கு பிடி கிடைக்கும். அதுவே ஒன்பதுக்குப் போதும். ஆகவே டைமண்ட் ராஜா எங்கே என்பது உண்மையில் நம் கவலையே அல்ல. ராஜாவை எடுத்த கிழக்கின் கையில் அப்போது ஸ்பேட் மிச்சம் இருக்குமா என்பதே கவலை. அப்படியானால் ஸ்பேட் ஆஸை முதல் இரண்டு சுற்றிலும் போடாமல் வைத்திருந்து மூன்றாவதில் எடுக்க வேண்டும். மேற்கில் ஐந்து இருந்தால் கிழக்கில் மூன்றுதான். மூன்று சுற்றில் அவை தீர்ந்துவிடும். இப்போது கிழக்கு டைமண்ட் ராஜாவை எடுத்தாலும் அவரிடம் ஸ்பேட் இல்லை. மேற்கின் கையில் மீதமிருக்கும் ஸ்பேடுகள் அங்கேயே கிடக்க, நீங்கள் ஒன்பது பிடியை எடுத்துக்கொள்ளலாம். மாறாக ஸ்பேட் இருபுறமும் நான்கு நான்காகப் பிரிந்திருந்தால் கிழக்கிடம் ஒன்று மிஞ்சும். ஆனால் அப்போது எதிராளிகளுக்கு ஸ்பேடில் மூன்றும் டைமண்டில் ஒன்றுமாக நான்கு பிடிகளே கிடைக்கும். அதற்கும் பயமில்லை. இரு கைகளிலும் அந்த வகையில் இருக்கும் சீட்டுகளைக் கூட்டி ஏழிலிருந்து கழித்தால் எத்தனை சுற்று விட்டுக்கொடுக்க வேண்டும் என்று தெரியும் என்பது பழைய ஆட்டக்காரர்களின் கணக்கு. இங்கே மூன்றும் இரண்டும் ஐந்து. ஏழில் ஐந்து போக இரண்டு. காரணம் புரிந்தவருக்கு அந்தக் கணக்கு தேவைப்படாது. புரியாதவரை அது ஒருநாள் தவறான இடத்தில் கொண்டுபோய் விடும்.

தடுப்பாட்டத்தைப் பற்றி நம்மவர்கள் பேசுவதே இல்லை. சராசரியாகப் பார்த்தால் நான்கு கைகளில் ஒன்றில்தான் நாம் ஆட்டத்தை நடத்துகிறோம், ஒன்றில் டம்மி, மீதி இரண்டில் தடுப்பவர்கள். ஆட்டத்தில் பாதி நேரம் செய்யும் வேலையை யாரும் பழகுவதில்லை என்பது எனக்கு இன்றுவரை வியப்புதான். ஜோடி நோ டிரம்புக்கு எதிராக ஹார்ட் 7ஐ இறக்குகிறார்; நீண்ட வகையில் மேலிருந்து நான்காவது சீட்டை இறக்குவது உங்கள் உடன்பாடு. டம்மியில் ஹார்ட் ராணி, 10, 3; உங்களிடம் ஆஸ், 9, 4. பதினொன்றிலிருந்து ஏழைக் கழித்தால் நான்கு. ஜோடியைத் தவிர்த்த மற்ற மூவரிடமும் ஏழுக்கு மேற்பட்ட ஹார்ட் மொத்தம் நான்கு இருக்கிறது என்று அதற்குப் பொருள். டம்மியில் ராணியும் 10ம் இரண்டு. உங்களிடம் ஆஸும் 9ம் இரண்டு. ஆட்டத்தை நடத்துபவரிடம் ஏழுக்கு மேல் ஒன்றுகூட இல்லை! டம்மியிலிருந்து 3 விழுந்தால், ஆஸைச் செலவிடாமல் 9 போட்டாலே பிடி உங்களுடையது. மூன்றாமவர் பெரிய சீட்டைப் போட வேண்டும் என்று மட்டும் மனப்பாடம் செய்தவர் இங்கே ஆஸை வீசியிருப்பார்.

அதேபோல எதிராளியின் ஏலத்தைக் காதில் வாங்கியவருக்கு மறைந்திருக்கும் கைகூடப் பாதி தெரியும். அவர் முதலில் ஹார்ட், பிறகு ஸ்பேட் கேட்டு ஐந்தும் நான்கும் காட்டிவிட்டார். மூன்று முறை டைமண்ட் போட்டுவிட்டார். பன்னிரண்டு ஆயிற்று. கிளாவர் ஒன்றுக்கு மேல் இருக்க வழியில்லை. உங்கள் கிளாவர் ஆஸ் ஒரு பிடி, அதன் பின்னால் வைத்திருக்கும் ராஜாவைத் துருப்பு வெட்டிவிடும். பதின்மூன்று வரை எண்ணத் தெரிந்தால் போதும் என்பதால் தமிழ்ப்பள்ளி மாணவர்களுக்கும் இது எட்டாத கலை அல்ல. சதுரங்கக் கழகங்கள் உள்ள பள்ளிகளில் புறப்பாட நடவடிக்கையாக இதையும் முயன்று பார்க்கலாம் என்பது என் எண்ணம். அதைத் தனியாக எழுத வேண்டும்.

ஒழுங்கு பற்றியும் ஓர் எச்சரிக்கை தேவைப்படுகிறது. குடும்பச் சீட்டாட்டத்தில் புருவத்தை உயர்த்துவதும் தொண்டையைச் செருமுவதும் விளையாட்டின் சுவையாகவே கருதப்படும். பிரிட்ஜில் ஜோடிக்குச் செய்தி சொல்லக் கேட்பும் சீட்டும் மட்டுமே வழி. ஜோடி நெடுநேரம் யோசித்துவிட்டுப் பாஸ் சொன்னால், அந்தத் தயக்கத்திலிருந்து கிடைத்த தகவலைப் பயன்படுத்தக் கூடாது என்று விதியே இருக்கிறது. முதல்முறை மன்றத்துக்குச் செல்பவர்கள் இதை அறியாமல் போய் நடுவரிடம் பேச்சு வாங்குகிறார்கள். அப்படிப் பேச்சு வாங்கிய பெண்மணி ஒருவர், குரல் உயர்த்திய விதத்தைப் பொறுக்காமல் அந்தப் பக்கமே போகாமல் இருக்கிறார். விதியைச் சொல்வது நடுவரின் கடமைதான். புதியவரிடம் அதைப் பணிவாகச் சொல்வதும் கடமைதான்.

இணையத்தில் பழகலாமே என்று சிலர் கேட்பார்கள். பழகலாம், நானும் பரிந்துரைக்கிறேன். பிரிட்ஜ் பேஸ் ஆன்லைன் தளத்தில் கட்டணமின்றி ஆட முடியும்; ஆடிய கையை நான்கு திசையும் தெரிய மறுபடி பார்க்கவும் முடியும். ஆனால் அங்கே பெரும்பாலோர் கைமேல் கையாக ஆடித் தள்ளுகிறார்களே தவிர, அந்த மறுபார்வைப் பொத்தானை அழுத்துவதில்லை. பொத்தானை அழுத்தியவர்களுக்கும் நான்கு கைகள் தெரியுமே ஒழிய, எந்த இடத்தில் எப்படி யோசித்திருக்க வேண்டும் என்பதைச் சொல்ல ஆள் இல்லை. நூல்கள் ஆங்கிலத்தில் ஏராளம். அலுவலகத்தில் ஆங்கிலத்தைச் சரளமாகக் கையாள்பவர்கள்கூட, ஏலத்தைப் பற்றிய நுட்பமான விவாதத்தைத் தமிழில் கேட்டபோதுதான் எதிர்க்கேள்வி போடத் துணிகிறார்கள் என்பதை வகுப்பில் கண்டிருக்கிறேன். எதிர்க்கேள்வி எழாத இடத்தில் இந்த ஆட்டம் வளராது. ஜோடியோடு மாமாக் கடையில் தே தாரிக் ஆறும்வரை ஒரே ஒரு கையைப் பற்றி வாதாடியவர், அன்று மாலை அரக்கப்பரக்க நிறையக் கைகள் ஆடியவரைவிட விரைவாக முன்னேறுகிறார்.

தாங்கள் ஒதுக்க வேண்டிய இடம் பெரிதல்ல. நான்கு கைகளையும் காட்டும் ஒரு சிறு கட்டம், ஏலம் சென்ற வரிசை, அதன் கீழ் இருநூறு சொற்களில் விளக்கம்; குறுக்கெழுத்துக் கட்டத்தின் அளவே போதும். ஒரு வாரம் கையையும் கேள்வியையும் மட்டும் வெளியிட்டு, விடையை அடுத்த வாரம் தருவது நல்லது. இடைப்பட்ட நாட்களில் வாசகர்கள் தங்களுக்குள் சண்டை போட்டுக்கொள்ளட்டும். ஏலம் ஒரு வாரம், ஆட்டம் ஒரு வாரம், தடுப்பு ஒரு வாரம் என்று மாறி மாறி வரலாம். கறுப்பு வெள்ளை அச்சில் ஹார்ட், டைமண்ட் குறிகள் ஒன்றுபோலத் தெரியும் என்பதால், குறிகளுக்குப் பதிலாகப் பெயரையே எழுதுவது மூத்த வாசகர்களுக்கு வசதியாக இருக்கும். தாங்கள் இசைந்தால் முதல் மூன்று மாதத்துக்கான கைகளை விளக்கத்தோடு ஊதியம் எதிர்பாராமல் எழுதித் தர அணியமாக இருக்கிறேன். என்னைவிடத் தேர்ந்த ஆட்டக்காரர் எவரேனும் முன்வந்தால் அவரிடமே ஒப்படைக்கலாம். மேலே தந்த மூன்று நோ டிரம்ப் கையையே முதல் வாரத்துக்கு எடுத்துக்கொள்ளலாம், விளக்கத்தை மட்டும் நீக்கிவிட்டு.

இப்படிக்கு,
தங்கள் நாளிதழின் வாசகர்,
பிரிக்பீல்ட்ஸ், கோலாலம்பூர்.